எட்டாம் கொட்டடியில் செத்தவன்

கதவு சாத்தியிருந்தது.

மணிமொழி அப்படியே நின்றுவிட்டாள். கையில் அச்செடுத்த நாற்பது பக்கங்கள். காலை பதினொரு மணி வெயில் மந்தாரக்குப்பத்தின் அந்தச் சந்துக்குள் செங்குத்தாக இறங்கிக்கொண்டிருந்தது.

சடையப்பன் கதவைச் சாத்த மாட்டார்.

மழை அடித்து அறைக்குள் தண்ணீர் புகுந்த நாளில்கூட அவர் சாத்தவில்லை. பதினாலு வருஷம் ஆயுள் கைதியாக இருந்துவிட்டுப் போன வருஷம் வெளியே வந்தவர். தன் சிறை வாழ்க்கையை நோட்டு நோட்டாக எழுதிக்கொண்டிருந்தார். இரண்டாவது நோட்டில் இப்படி ஒரு இடம் வரும்...

'உள்ளே கைதி கதவைத் தொடுவதில்லை. திறப்பதும் வார்டர், பூட்டுவதும் வார்டர். வெளியே வந்த பிறகும் என் கை எந்தக் கதவையும் சாத்தவில்லை. சாத்தினால் திறக்க யார் வருவார் என்று மனசு கேட்கிறது.'

அந்த வரிகளைத் தட்டச்சு செய்தவள் மணிமொழிதான்.

"ஐயா..."

கதவைத் தட்டினாள்.

தள்ளினாள். திறந்துகொண்டது.

முதலில் ஈக்கள். பிறகு அந்த வாடை.

சடையப்பன் ஒருக்களித்துக் கிடந்தார். பின்மண்டை உள்ளே போயிருந்தது. பக்கத்தில் அம்மிக் குழவி. அதன் ஒரு முனையில் நரைத்த முடி கொத்தாக ஒட்டியிருந்தது. ரத்தம் சிமெண்டுத் தரையில் ஓடி, சுவர் ஓரத்தில் தேங்கி, ஆடை கட்டியிருந்தது.

ஸ்டவ் அருகே கருகிய நோட்டு அட்டைகள். ஆறு.

மணிமொழி கெமிஸ்ட்ரி படித்தவள். பயத்திலும் அவள் கண் எதையாவது குறித்துக்கொண்டே இருக்கும். அடி விழுந்தது பின்னால். அப்புறம் வாயில் ஏன் இவ்வளவு ரத்தம்? முன்பற்களுக்கு நடுவே வெள்ளையாக என்ன அது?

தோல்...!

மணிமொழி சத்தமாகப் பேசி அந்தத் தெருவில் ஒருவரும் கேட்டதில்லை.

அன்றைக்குக் கேட்டார்கள்.

இன்ஸ்பெக்டர் பிரபாவதி மூக்கைக் கைக்குட்டையால் பொத்தியபடி வெளியே வந்தாள். நாற்பது வயது. குட்டை முடி. எதையும் இரண்டாம் தடவை கேட்பது அவளுக்குப் பிடிக்காது.

"நீ யாரும்மா?"

"பஸ் ஸ்டாண்ட் பக்கம் டி.டி.பி. சென்டர் மேடம். ஐயா எழுதிகினு... எழுதிட்டிருந்தத டைப் அடிப்பேன்."

"என்ன படிச்சிருக்கே?"

"பி.எஸ்சி. கெமிஸ்ட்ரி. மைன்ஸ்ல அப்ரண்டிஸுக்கு எழுதிப் போட்டிருக்கேன்."

"ஊரே எழுதிப் போட்டிருக்கு." பிரபாவதி சந்தை மேலும் கீழும் பார்த்தாள். "காலையில அஞ்சு, ஆறு மணிக்கு நடந்திருக்கு. மைன்ஸுக்கு ஏ ஷிப்டு போற வண்டிச் சத்தத்துல எவனுக்கும் காது கேக்கல. இவரப் பாக்க யாரு வருவாங்க?"

"ஒருத்தர்தான் மேடம். பலாக்காரர்."

என் கடைக்கு எதிரே தள்ளுவண்டியில் பலாச்சுளை விற்பவர், காடாம்புலியூர்க்காரர், ஐயாவோடு உள்ளே இருந்தவர் என்று மணிமொழி தயங்கித் தயங்கிச் சொன்னாள். 'உள்ளே இருந்தவர்' என்றதும் பிரபாவதியின் புருவம் ஏறியது.

"பேரு?"

"தெரியாது மேடம். எல்லாரும் பலாக்காரர்னுதான் கூப்பிடுவாங்க."

"கத்தி வெச்சிருப்பானே?"

"பலா அறுக்கிற கத்தி."

"இன்னிக்கு ஆளு வந்தானா?"

"வரல. வண்டி மட்டும் தார்ப்பாய் மூடி நிக்குது."

பிரபாவதி திரும்பி ஏட்டிடம் காடாம்புலியூருக்கு ஜீப் அனுப்பச் சொன்னாள்.

"அவரு இல்ல மேடம்."

"எதை வெச்சுச் சொல்றே?"

"கதவு சாத்தியிருந்துது. உள்ள இருந்தவங்க சாத்த மாட்டாங்க."

பிரபாவதி சிரித்தாள். சிரிப்பில் கேலி இருந்தது, கெடுதல் இல்லை. "கொலை பண்ணினவன் கதவைச் சாத்திட்டுத்தாம்மா போவான். நீ போ. கடையைத் திற. எங்கேயும் போயிடாதே. கிழவர் எவனையோ நல்லா கடிச்சு வெச்சிருக்காரு. கடி வாங்கினவன் கிடைச்சா வேலை முடிஞ்சுது."

கடி...

மணிமொழிக்கு ஒரு இடம் ஞாபகம் வந்தது. மூன்றாவது நோட்டு. பதினெட்டாம் பக்கம்.

'உள்ளே வந்த முதல் நாள் ஒரு பழைய கைதி சொன்னான்: இருட்டில் நாலு பேர் அடித்தால் திருப்பி அடிக்காதே, ஜெயிக்க மாட்டாய். கடி. ஒருத்தனையாவது கடித்து அடையாளம் போடு. காலையில் எண்ணிக்கைக்கு உட்காரும்போது யார் என்று எல்லோருக்கும் தெரியும்.'

இதே வரியை அவள் வேறு ஒரு இடத்திலும் படித்திருந்தாள்.

அங்கேதான் வினையே ஆரம்பித்தது.

'எட்டாம் கொட்டடி.'

எழுதியவர் அறிவுச்செல்வன். கம்மாபுரம் நிலப் போராட்டத்தில் கைதாகி ஒன்றரை வருஷம் சிறையில் இருந்தவர் என்று பின்னட்டை சொல்லும். பதினோரு பதிப்பு. மணிமொழி கல்லூரியில் படித்தபோது அதை நான்கு தடவை படித்தாள். நான்கு தடவையும் ஒரே இடத்தில் அழுதாள்.

பாவாடை சாகும் இடம்.

இன்னொரு கரண்டி கஞ்சி கேட்டதற்காக மூன்று வார்டர்கள் பாவாடை என்ற கைதியைத் தடியால் அடிப்பார்கள். விலா எலும்பு ஒவ்வொன்றாக முறியும் சத்தம் கொட்டடி முழுக்கக் கேட்கும். கடைசியில் அவன் ரத்தம் கக்கிக்கொண்டு, அறிவுச்செல்வன் மடியில் தலை வைத்துச் சாவான்.

ஒரு மாதத்துக்கு முன்னால் சடையப்பன் முதல் நோட்டைக் கொண்டுவந்தார். மணிமொழி தட்டச்சு செய்யச் செய்ய அவள் விரல்கள் நின்றன.

அதே கஞ்சி. அதே தடி. அதே பாவாடை.

மடி மட்டும் வேறு. சடையப்பன் மடி.

திருட்டு! கிழவர் பிரபல எழுத்தாளரின் புத்தகத்தைப் பார்த்து எழுதிவிட்டு, தன் வாழ்க்கை என்கிறார். மணிமொழி அப்படித்தான் நினைத்தாள். நேரே கேட்கக் கூச்சம். பதினாலு வருஷம் கொலைக்காக உள்ளே இருந்தவரிடம் என்னவென்று கேட்பது?

அதனால் புத்தகத்தின் கடைசிப் பக்கத்தில் இருந்த எண்ணுக்கு போன வாரம் போன் செய்தாள்.

அறிவுச்செல்வனே எடுத்தார். அவ்வளவு அன்பாகப் பேசினார். நல்ல காரியம் செய்தாய் என்றார். அந்தப் பெரியவர் எங்கே இருக்கிறார், தனியாகவா, எத்தனை மணிக்கு எழுந்திருப்பார் என்றெல்லாம் விசாரித்தார்.

அவள் எல்லாவற்றையும் சொன்னாள். தெருவை. அறையை. சாத்தாத கதவை.

இப்போது கடைக்குள் உட்கார்ந்து மணிமொழி தன் கையையே பார்த்தாள். குழவியைத் தூக்காத கை. ஆனால் அந்தப் போன் எண்ணை அழுத்திய கை.

மேஜை இழுப்பறையில் மஞ்சள் பை இருந்தது. நேற்று சாயங்காலம் சடையப்பன் கொடுத்துவிட்டுப் போனது. ஏழாவது நோட்டு. கடைசி நோட்டு. இன்னும் பிரிக்கவில்லை.

பிரித்தாள்.

'மணிமொழி பாப்பாவுக்கு. உன் மேஜையில் அந்தப் புத்தகம் இருப்பதைப் பார்த்தேன். நான் திருடன் என்று நீ நினைத்திருப்பாய். கேட்கக் கூச்சப்பட்டாய். பரவாயில்லை. பதினோரு வருஷத்துக்கு முன்னால் அறிவுச்செல்வன் எட்டாம் கொட்டடியில் என் பக்கத்தில் படுத்திருந்தார். ஒன்றரை வருஷம் இல்லை. பத்தொன்பது நாள். ஜாமீனில் போகும்போது என் நோட்டுகளை வேட்டிக்குள் சுற்றி எடுத்துப் போனார். அச்சுப் போட்டு என் பெயரில் கொண்டுவருகிறேன் என்று சொன்னார்.'

கண்ணீர் எழுத்தை மறைத்தது. துடைத்துக்கொண்டு படித்தாள்.

'அவருக்கு ஒன்று தெரியாது. உள்ளே நாம் எழுதுவதை ஆபீசில் படிப்பார்கள். செத்தவன் பெயரை எழுதினால் நோட்டும் போகும், எழுதினவன் கையும் போகும். அதனால் நாங்கள் பெயர்களை மாற்றி வைப்போம். இப்போதும் அதே பெயர்களில்தான் எழுதியிருக்கிறேன். எந்தப் பெயர் யாருடையது என்ற பட்டியல் கடைசிப் பக்கத்தில் இருக்கிறது. அதை மட்டும் தப்பில்லாமல் அடி. செத்தவன் தன் பெயரிலாவது செத்ததாக இருக்கட்டும். அவன் அம்மா இன்னும் தேடிக்கொண்டிருக்கிறாள்.'

கடைசிப் பக்கத்தைத் திருப்பக் கை வைத்தாள்.

மேஜை மேல் ஒரு நிழல் விழுந்தது.

"மணிமொழி நீதானேம்மா?"

அந்தக் குரலை அவள் நூறு மேடைப் பேச்சுகளில் கேட்டிருக்கிறாள்.

அறிவுச்செல்வன்!

ஐம்பது வயதிருக்கும். வெள்ளை ஜிப்பா. அத்தர் வாசனை. ஜூலை வெயிலில் முழுக்கையை மணிக்கட்டு வரை இறக்கிவிட்டிருந்தார். தெருவுக்கு முதுகைக் காட்டி ஸ்டூலில் உட்கார்ந்தார். சடையப்பன் ஒருநாளும் அப்படி உட்கார்ந்ததில்லை. வாசலைப் பார்த்துத்தான் உட்காருவார்.

மணிமொழி நோட்டை மெல்ல மடிக்கு இறக்கினாள்.

டவுன்ஷிப் புத்தகக் கண்காட்சியில் சாயங்காலம் தனக்குப் பாராட்டு விழா என்று அவர் சொன்னார். சடையப்பனைப் பற்றிக் கேள்விப்பட்டதாகவும், நெஞ்சே வெடித்துவிட்டதாகவும் சொன்னார்.

"என்கூட உள்ள கிடந்த மனுஷன். அவர் எழுதினதையெல்லாம் நானே புத்தகமா கொண்டுவரேன். நோட்டு, பைல், எது இருந்தாலும் கொடுத்துடும்மா."

கையை நீட்டினார். ஜிப்பா கை மேலேறியது.

இடது மணிக்கட்டில் வெள்ளைக் கட்டு. நடுவில் இரண்டு சிவப்புப் புள்ளிகள் கசிந்திருந்தன.

"கையில என்ன சார்?"

"இதுவா? கெஸ்ட் ஹவுஸ் வாசல்ல ஒரு நாய் கடிச்சிடுச்சு. டாக்டர் கட்டுப் போட்டு விட்டார்."

மணிமொழி யோசிக்காமல் வாயைத் திறந்தாள். எங்கோ படித்தது பேசிவிட்டது.

"நாய்க்கடிக்குக் கட்டுப் போட மாட்டாங்களே சார். சோப்புப் போட்டுக் கழுவி, ஊசி போட்டு, திறந்துதான் விடுவாங்க."

சொன்ன பிறகுதான் என்ன சொன்னோம் என்று புரிந்தது.

அறிவுச்செல்வன் அவளையே பார்த்தார். புன்னகை அப்படியே இருந்தது. கண்கள் மட்டும் வேறு ஆளுடையவை ஆகிவிட்டன.

"கெட்டிக்காரி," என்றார்.

தூரத்தில் ஷிப்ட் சங்கு ஊத ஆரம்பித்தது. மணி இரண்டு.

அந்தச் சத்தத்துக்குள்ளேயே அவர் எழுந்து ஷட்டரைப் பிடித்து இழுத்தார்.

கரகரவென்று இறங்கியது.

இருட்டு.

அவள் கத்தினாள். சங்கு அதை விழுங்கியது.

அவர் கை அவள் தலைமுடியைக் கொத்தாகப் பிடித்தது. முகம் கீபோர்டில் மோதியது. ஒரு தடவை. இரண்டு தடவை. உதடு கிழிந்தது. வாயில் உப்பும் இரும்பும் கலந்த ருசி. மானிட்டர் வெளிச்சத்தில் பட்டன்கள் மேல் தன் ரத்தம் சொட்டுவதை அவள் பார்த்தாள்.

"பைலை அழி."

அழித்தாள்.

"இன்னொரு காப்பி?"

"இல்ல..."

அவர் சி.பி.யு.வைத் தூக்கித் தரையில் அடித்தார். உதைத்தார். தகரம் நசுங்கியது. மேஜை மேல் இருந்த அச்சுப் பக்கங்களைக் கிழித்தார். பிறகு மடியில் இருந்த நோட்டைப் பார்த்துவிட்டார்.

"அதைக் கொடு."

மணிமொழி நோட்டை இரண்டு கையாலும் நெஞ்சோடு சேர்த்துக்கொண்டாள். கூச்சம் பிடித்த பெண். தெருவில் யாராவது இடித்தால் தானே மன்னிப்புக் கேட்பவள். கொடுக்கவில்லை.

"அவர் உங்கள நம்பி கொடுத்தாரு சார்."

"நம்பி கொடுத்தான்! என்னத்தை எழுதியிருந்தான்? நடந்ததை எழுதியிருந்தான். நடந்ததை எவன் வேணும்னாலும் எழுதுவான். நான்தான் அதைப் புத்தகமாக்கினேன். நான்தான் அழ வெச்சேன். நீயே நாலு தடவை அழுதேன்னு போன்ல சொல்லல? காலையில போய்க் கெஞ்சினேன். எரிச்சிடுங்க, பேசித் தீத்துக்கலாம்னேன். கிழவன் என்னைப் பார்த்துச் சிரிக்கிறான். ஏழாவது நோட்டு வந்தா உங்க புத்தகம் பொணமாயிடும் சார்ங்கறான்."

மேஜையில் பார்சல் கட்டும் நைலான் கயிறு இருந்தது. அதை எடுத்துக் கையில் இரண்டு சுற்றுச் சுற்றினார்.

மணிமொழி பின்னால் நகர்ந்தாள். சுவர் இடித்தது. நேரம் வேண்டும். ஒரு நிமிஷம். அரை நிமிஷம்...

"பாவாடை உங்க மடியிலதான் செத்தாரா சார்?"

அவர் நின்றார். அந்த இருட்டிலும் அவர் முகத்தில் மேடைக் களை வந்தது.

"என் மடியிலதான். இந்த மடியிலதான் உசுரு போச்சு. எந்தக் கோர்ட்டுல வேணும்னாலும் சொல்லுவேன்."

கயிறு அவள் கழுத்தில் விழுந்தது.

இறுகியது.

காதுக்குள் சங்கு மறுபடி ஊதுவது போல் இருந்தது. கண் முன்னால் கறுப்புப் பூக்கள். கால்கள் தரையைத் தேடின. நாக்கு வெளியே வந்தது. அவர் வலது கை அவள் வாய்க்கு அருகே...

கடி. அடையாளம் போடு.

கடித்தாள்!

பல் தோலைத் தாண்டியது. சதையைத் தாண்டியது. எலும்பு தட்டும் வரை விடவில்லை. அறிவுச்செல்வன் அலறினார். கயிறு தளர்ந்தது. அவர் முழங்கை அவள் காதில் இறங்கியது. அவள் சுருண்டு விழுந்தாள். குழவிக்குப் பதிலாக நசுங்கிய சி.பி.யு.வை அவர் தலைக்கு மேல் தூக்கினார்.

ஷட்டர் மேலே போனது.

வெயில் கொட்டியது. வாசலில் ஆறடி உயரத்தில் ஒரு உருவம். மடித்துக் கட்டிய லுங்கி. தோளில் ஒரு முழுப் பலாப்பழம்.

பலாக்காரர்.

தோளை ஒரு குலுக்குக் குலுக்கினார்.

பன்னிரண்டு கிலோ பலா அறிவுச்செல்வனின் முழங்காலில் போய் இறங்கியது.

காய்ந்த விறகு முறிவது போல் ஒரு சத்தம். எழுத்தாளர் சரிந்தார். சி.பி.யு. அவர் தோள் மேலேயே விழுந்தது. வெள்ளை ஜிப்பாவில் முள் கிழித்த கோடுகள், ரத்தம், பலாப்பால். பலாக்காரர் அவர் மார்பில் கால் வைத்து, இடுப்புக் கத்தியை எடுத்துத் தொண்டைக் குழியில் நிறுத்தினார்.

"பாப்பா... மூச்சு வுடு. மெதுவா வுடு."

"அண்ணே..." மணிமொழிக்குக் குரல் வரவில்லை. காற்று மட்டும் வந்தது. "போலீஸ் உங்கள..."

"தெரியும். எவன் செத்தாலும் மொதல்ல எங்களத்தானே தூக்குவாங்க. பஸ் எறங்கும்போதே சேதி தெரிஞ்சுது, எதிர் மரவாடியில கட்டைங்க பின்னால ஒளிஞ்சிகினு இருந்தேன். ஏ ஷிப்டு வுடற நேரம். கார்டு, ஃபாரம்னு ஜெராக்ஸ் எடுக்க கும்பலா வருவாங்க. ரெண்டு மணிக்கு உன் ஷட்டர் எறங்கி நான் பாத்ததே இல்ல."

அறிவுச்செல்வன் தரையில் முனகினார். "யார்ரா நீ... கொலைகாரப் பயலே..."

பலாக்காரர் குனிந்து அவர் முகத்தை நன்றாகப் பார்த்தார்.

"நெசமாவே தெரியலியா சார்? பத்தொம்போது நாளு ஒரே கொட்டடியில கெடந்தோம். நீங்க கொசு வலைக்கு அழுதுகினு இருந்தீங்க. நான் அந்தக் கோடியில படுத்துகினு இருந்தேன்."

"யாரு..."

"எம் பேரு பாவாடை சார்."

அறிவுச்செல்வனின் வாய் திறந்தது. மூடவில்லை.

"எனக்குப் படிக்கத் தெரியாது. வெளிய வந்து சடையப்பண்ணன் படிச்சுக் காட்டுனப்பதான் நான் செத்துப் போன விசயமே எனக்குத் தெரியும்." கத்தி அசையவில்லை. "உங்க மடியிலதான் உசுரு போச்சாமே. வலிச்சுதா சார், தொடை?"

மணிமொழி நோட்டின் கடைசிப் பக்கத்தைத் திருப்பினாள். சடையப்பனின் குண்டுக் குண்டான எழுத்து. முதல் வரி...

'நோட்டில் பாவாடை என்று வருபவன் செங்குட்டுவன். இருபத்திரண்டு வயசு. அவனைத்தான் அடித்துக் கொன்றார்கள். உயிரோடு இருக்கிறவன் பெயரைச் செத்தவனுக்கு வைத்தால் ஆபீசில் சந்தேகம் வராது என்று பாவாடைதான் தன் பெயரைக் கடன் கொடுத்தான். தினமும் உனக்குப் பலாச்சுளை தருகிறானே, அவன்தான்.'

ஜீப் வந்து நின்றபோது கடை வாசலில் ஏ ஷிப்ட் முடித்த ஐம்பது பேர் நின்றார்கள். பிரபாவதி கூட்டத்தைப் பிளந்துகொண்டு உள்ளே வந்தாள். பலாக்காரரின் கத்தியைப் பார்த்தாள். மணிமொழியின் கழுத்தில் சிவந்த கோட்டைப் பார்த்தாள். அறிவுச்செல்வனின் இடது கைக் கட்டைத் தானே அவிழ்த்தாள்.

அரை வட்டமாகப் பல் தடம். மேலே ஒரு பல் இல்லாத இடைவெளி.

"சடையப்பனுக்கும் மேல் பல் ஒண்ணு இல்ல," என்றாள். வலது கையைத் திருப்பினாள். அதிலும் அரை வட்டம். ரத்தம் சொட்டியது. "இது?"

"என்னுது மேடம்," என்றாள் மணிமொழி.

பிரபாவதி பாவாடையிடம் கத்தியை வாங்கிக்கொண்டாள். காலையில் ஜீப் அனுப்பியதைப் பற்றி ஏதோ சொல்ல வந்தாள். அவர் தோளில் ஒரு தட்டுத் தட்டினாள். அவருக்கு அது போதும் போலிருந்தது.

நோட்டை நெஞ்சோடு அணைத்தபடி மணிமொழி வாசலுக்கு வந்தாள். நாளையே வேறு கம்ப்யூட்டர் பார்க்க வேண்டும். முதல் ஆறு நோட்டின் பைல்களையும் அவள் தினமும் தன் மெயிலுக்கே அனுப்பிவைத்திருந்தாள். லேபில் பழகிய பழக்கம். எந்தப் பதிவையும் ஒரே இடத்தில் வைக்கக் கூடாது. அறிவுச்செல்வனிடம் இல்லை என்று சொன்னது அவள் வாழ்க்கையின் முதல் பொய். புத்தகமாக வரும்போது அட்டையில் சடையப்பன் பெயர். உள்ளே, செங்குட்டுவன் பெயர். அதை ஒருத்தர் கையில் நேரில் கொடுக்க வேண்டும். தேடிக்கொண்டிருக்கும் அந்த அம்மாவின் கையில். அந்த ஒரு போனுக்கு ஈடாகாது. ஆனாலும் கொடுக்க வேண்டும்.

இரண்டு ஏட்டுகள் அறிவுச்செல்வனைக் கைத்தாங்கலாக ஜீப்பில் ஏற்றினார்கள். முழங்கால் வெளிப்பக்கமாக மடங்கித் தொங்கியது. அந்த வலியிலும் அவர் கூட்டத்தைப் பார்த்துக் கூவினார்.

"எனக்கு ஆளுங்க இருக்காங்க. ஜாமீன்ல ரெண்டு வாரத்துல வெளிய வந்துடுவேன்."

மணிமொழி ஜீப்பின் ஓரம் போய் நின்றாள். ஐம்பது பேர் எதிரில் அவள் வாய் திறந்தது அதுவே முதல் தடவை. குரல் கரகரத்தது. ஆனால் எல்லோருக்கும் கேட்டது.

"அவசரப்பட்டு வந்துடாதீங்க சார். இந்தத் தடவையாவது முழுசா இருந்து, சொந்தமா எழுதுங்க... டைப் அடிச்சுத் தர நான் இருக்கேன்."